வெள்ளை முகம், கறுத்த உதடு

லூமியேர் நிறுவனத்தின் கேமராவோடு ஜப்பான் போன பிரெஞ்சுக்காரர் கேப்ரியேல் வேர், 1898-99இல் அங்கே எடுத்த துண்டுப் படங்களுள் ஒன்றில் ஒரு பெண் அலங்காரம் செய்துகொள்கிறாள். ஒரு நிமிடம்கூட ஓடாத படம்.

ஜப்பானிய மணப்பெண்ணைச் சிங்காரிப்பது ஒரு நிமிடத்தில் முடிகிற வேலையா? மெழுகு தடவி வாரி, உயரத் தூக்கி 'தகஷிமதா' கொண்டை போடவே நெடுநேரம் பிடிக்கும். 'ஒஷிரோய்' என்னும் வெள்ளைப் பூச்சைத் தண்ணீரில் குழைத்து, முகத்திலிருந்து பிடரி வரை தூரிகையால் தீட்டுவார்கள். உதட்டுக்குக் குசும்பாப் பூவிலிருந்து எடுத்த 'பெனி'ச் சிவப்பு. பிறகு வெண்பட்டுக் கிமோனோ. கொண்டையைச் சுற்றி 'சுனோககுஷி' துணி. மெழுகுவத்தி வெளிச்சத்திலும் அந்த வெள்ளை முகம் எடுப்பாகத் தெரியும்.

அந்த அழகுக்குள் விஷமும் இருந்தது. பழைய ஒஷிரோயில் ஈயம் கலந்திருக்கும். 1887இல் பேரரசர் மெய்ஜி முன்னிலையில் ஆடிய கபுகி நாடக நடிகர் நகமுரா ஃபுகுசுகேவின் கால் நடுங்கியது; ஈய நஞ்சுதான் காரணம் என்று தெரிந்ததும் நாடே திடுக்கிட்டது. ஈயமில்லாத பூச்சு அதற்குப் பிறகுதான் கடைக்கு வந்தது.

கேமரா வேறொரு வம்பு செய்தது. அன்றைய படச்சுருளில் நீல ஒளி நன்றாகப் பதியும். சிவப்பு ஏறக்குறைய பதியவே பதியாது. அதனால் வெள்ளை முகம் திரையில் பளீரென்று ஒளிர, செக்கச்சிவந்த உதடு கறுத்துப்போனது. அந்தக் கறுப்பை ஜப்பானிய வழக்கம் என்று நினைத்தால், அது அந்தப் பெண்களுக்குச் செய்கிற அநீதி.

இன்னொரு விஷயம்: ஜப்பானியக் கதைப்படங்களில் ஏறத்தாழ 1920 வரை பெண் வேடம் பெரும்பாலும் ஆண்களுக்குத்தான். பின்னாளில் இயக்குநராகப் பெயர்பெற்ற கினுகாசா தெய்னோசுகேவும் பெண் வேடம் கட்டியவரே. 1919இல் இயக்குநர் கயேரியாமா நோரிமாசா தம் படத்தில் ஹனயாகி ஹருமி என்ற நடிகையை நாயகியாக்கியது, அப்போது துணிச்சலான காரியம். அமெரிக்காவிலோ 1915இலேயே நடிகை மேரி பிக்ஃபோர்ட் கிமோனோ உடுத்தி 'மேடம் பட்டர்ஃப்ளை' படத்தில் ஜப்பானிய மணமகளாகிவிட்டார். உடை ஜப்பானுடையது, பார்வை முழுக்க ஹாலிவுட்டுடையது.

1923 கந்தோ நிலநடுக்கமும் இரண்டாம் உலகப் போரும் ஜப்பானிய மௌனப் படங்களில் பெரும்பகுதியை விழுங்கிவிட்டன. தப்பியவற்றுள் மிகப் பழையது 1899இன் 'மோமிஜிகரி'. இளவரசி வேடத்தில் கபுகி நடிகர் ஒன்பதாம் தன்ஜூரோ. 2009இல் ஜப்பான் அரசு அதை முக்கியப் பண்பாட்டுச் சொத்தாக அறிவித்தது. பெயர் தெரியாத பெண்கள் தலைவாரி அலங்காரம் செய்துகொள்ளும் துண்டுச் சுருள்களும் அதே மரியாதைக்கு உரியவை.