வறுமை பரம்பரைச் சொத்தா?



சொத்து என்றதும் நமக்கு நிலம், வீடு, தென்னந்தோப்பு, நகை இவைதான் நினைவுக்கு வரும். இவற்றைத் தகப்பன் மகனுக்குக் கொடுக்க வேண்டுமானால் முத்திரைத்தாள் வேண்டும், சாட்சி வேண்டும், பதிவு அலுவலகத்தில் கால்கடுக்க நிற்க வேண்டும். ஆனால் பத்திரமும் சாட்சியும் இல்லாமலே, பிள்ளை பிறந்த அன்றே அதன் பெயருக்கு மாறிவிடுகிற சொத்து ஒன்று உண்டு. அதன் பெயர் வறுமை.

"ஏழை வீட்டில் பிறந்தவன் ஏழையாகத்தான் இருப்பான், அது தலைவிதி" என்கிறார்கள் சிலர். "சோம்பித் திரிகிறான், அதனால்தான் ஏழையாக இருக்கிறான்" என்கிறார்கள் வேறு சிலர். இரண்டுமே தவறு என்பதைக் கோட்டாறு கம்போளத்தைக் காட்டியே என்னால் சொல்ல முடியும். விடியுமுன் லாரி வந்து நின்றதும் மூட்டை இறக்குகிறவர்களில் என் அப்பாவும் ஒருவர். தாத்தாவுக்கும் அதே வேலைதான். முதுகு காய்த்துப் போன இவர்களை யார் சோம்பேறி என்று சொல்ல முடியும்? உழைப்பு இருந்தும் வறுமை ஏன் போகவில்லை என்பதுதான் கேள்வி. ஓர் எந்திரம் ஓடுவதைப் புரிந்துகொள்ள எந்தப் பல்சக்கரம் எதைச் சுழற்றுகிறது என்று பார்க்க நமக்குக் கற்றுத் தருகிறார்கள். அதே முறையில் இதையும் பிரித்துப் பார்ப்போம்.

சக்கரத்தின் நான்கு பற்கள்

முதல் பல், வயிறு. சோகை பிடித்த தாய்க்குப் பெரும்பாலும் எடை குறைந்த குழந்தை பிறக்கிறது. முதல் இரண்டு வருடங்களில் நல்ல ஆகாரம் கிடைக்காவிட்டால் உடலும் மூளையும் சரியாக வளர்வதில்லை. அந்தப் பிள்ளை வகுப்பில் பின்தங்குகிறது, சீக்கிரமே நின்றுவிடுகிறது. பெண்ணானால் சிறுவயதிலேயே கல்யாணம். மறுபடியும் சோகை பிடித்த ஒரு தாய்!

இரண்டாவது பல், கடன். எங்கள் வீட்டுக் கணக்கையே சொல்கிறேன். அப்பா மூட்டையோடு சறுக்கி விழுந்து கால் முறிந்தபோது ஒருவரிடம் 20,000 ரூபாய் பத்து வட்டிக்கு வாங்கினோம். பத்து வட்டி என்றால் நூற்றுக்கு மாதம் பத்து ரூபாய். மாதம் 2,000 வட்டி, ஒரு வருடத்தில் 24,000. வாங்கியதைவிட அதிகமாகக் கொடுத்த பிறகும் முதல் 20,000 அப்படியே நிற்கிறது! "முதலு கெடக்கட்டும் வே, வட்டியத் தந்துட்டுப் போ" என்பார் அவர். முதல் கிடக்கக் கிடக்கத்தான் அவருக்கு லாபம். அதிக வட்டி வாங்குவதைத் தடை செய்யும் சட்டம் தமிழ்நாட்டில் 2003-லேயே வந்துவிட்டது. ஆனால் கால் முறிந்தவன் சட்டப் புத்தகத்தைத் தேடுவானா, காசு தருகிற ஆளைத் தேடுவானா?

மூன்றாவது பல், படிப்பை நிறுத்துவது. படித்தால் பத்து வருடம் கழித்துச் சம்பளம், வேலைக்குப் போனால் சனிக்கிழமையே கூலி. அடுப்பு எரியாத வீட்டுக்கு எது பெரிது? என் அம்மா கல்குளம் தாலுகாக்காரி. பதினான்கு வயதில் அண்டி ஆபீஸுக்கு முந்திரி உடைக்கப் போனவள். தோட்டிலிருந்து வரும் எண்ணெய் பட்டுப் பட்டுக் கருத்த விரல்கள் இன்றும் அப்படியே இருக்கின்றன. அன்று அவளுடைய கூலி வீட்டுக்குத் தேவைப்பட்டது. அந்தக் கூலிக்கு விலையாகப் போனது அவளுடைய படிப்பு.

நான்காவது பல் கண்ணுக்குத் தெரியாது. வழி சொல்ல ஆள் இல்லாமை. வசதியான வீட்டுப் பையனுக்கு எந்தப் படிப்புக்கு எப்போது விண்ணப்பம், எந்தச் சான்றிதழை எங்கே வாங்குவது என்று சொல்ல மாமாவும் சித்தப்பாவும் இருப்பார்கள். நம் வீட்டில் கேட்டால், "நமக்கெல்லாம் அது எங்க கெடைக்கப் போவுது?" என்ற பதில்தான் வரும். கேட்கும் முன்பே கை பின்வாங்கிவிடுகிறது.

இந்த நான்கும் ஒன்றையொன்று சுழற்றுகின்றன. இங்கிலாந்தில் யார்க் நகரத் தொழிலாளர் குடும்பங்களை ஆராய்ந்து சீபோம் ரவுண்ட்ரி என்பவர் 1901-ல் ஒரு நூல் வெளியிட்டார். உழைப்பாளியின் வாழ்வில் வறுமை மூன்று முறை வந்து அழுத்துகிறது என்று அவர் காட்டினார். தான் குழந்தையாக இருக்கும்போது, தன் குழந்தைகள் சிறியவர்களாக இருக்கும்போது, தனக்கு வயதாகி உழைக்க முடியாதபோது. கவனியுங்கள், தகப்பனின் இரண்டாவது கஷ்ட காலமும் பிள்ளையின் முதல் கஷ்ட காலமும் ஒரே காலம்தான். வறுமை கைமாறுவது அந்த இடத்தில்தான்.

நம் மண்ணில் நடந்தது

வறுமை பரம்பரையாக வருவதற்கு நம் மாவட்டத்தைவிடக் கொடிய சான்று வேண்டாம். இன்றைய கன்னியாகுமரி மாவட்டம் 1956 நவம்பர் 1-ம் தேதி தமிழ்நாட்டோடு சேர்வதற்கு முன் திருவிதாங்கூரோடு இருந்தது. அங்கே அடிமை முறை இருந்தது. அடிமைக்குப் பிறந்த பிள்ளையும் அடிமை. நிலத்தை விற்பதுபோல ஆளையும் விற்றார்கள். 1855-ல் அரச விளம்பரத்தால் அது ஒழிக்கப்பட்டது. சட்டம் விலங்கை வெட்டியது. ஆனால் விடுதலையானவன் கையில் நிலமும் இல்லை, எழுத்தும் இல்லை. நேற்று அடிமையாக உழுத வயலில் இன்று கூலியாக நின்றான். 1906-ல் பேச்சிப்பாறை அணை கட்டி முடிந்து நாஞ்சில் வயல்களுக்குத் தண்ணீர் வந்தபோதும், வயல் யாருடையதோ விளைச்சலில் பெரும்பங்கு அவருக்குத்தான். வெறும் சட்டமும் வெறும் அணையும் போதாது என்பதற்கு இது பாடம்.

சட்டம் வருவதற்கு முன்பே வழி திறந்தவர்களும் உண்டு. 1809-ல் மயிலாடியில் ரிங்கல்தௌபே பள்ளி தொடங்கினார். பிறகு நாகர்கோவிலில் மிஷனரி சார்லஸ் மால்ட்டின் மனைவி மார்த்தா மால்ட், பெண்பிள்ளைகளுக்கு எழுத்தோடு லேஸ் பின்னலும் சொல்லிக் கொடுத்தார். அப்படிப் படித்தவர்களில் அடிமைப் பெண்களும் இருந்தார்கள். தாங்கள் பின்னிய லேஸ் விற்ற காசைச் சேர்த்துத் தங்கள் விடுதலையைத் தாங்களே விலை கொடுத்து வாங்கினார்கள்! யோசித்துப் பாருங்கள். வெறும் எழுத்தறிவு மட்டும் இருந்திருந்தால் போதுமா? வெறும் கூலி மட்டும் இருந்திருந்தால் போதுமா? எழுத்து, கைத்தொழில், தன் பெயரில் சேமிப்பு என்று மூன்றும் ஒரே கையில் சேர்ந்தபோதுதான் சங்கிலி அறுந்தது. கைத்தொழில் கற்கிற நமக்கு இதைவிட நெருக்கமான வரலாறு வேறில்லை.

அப்படித் தொடங்கிய பள்ளிகள் பெருகிப் பெருகி, 2011 கணக்கெடுப்பில் நம் மாவட்டத்தின் எழுத்தறிவு 91.75 சதவீதம் ஆனது. தமிழ்நாட்டிலேயே முதலிடம். மாநிலச் சராசரி 80 சதவீத அளவில்தான் இருந்தது.

கடற்கரைக் கணக்கு

இனிக் கடற்கரைக்கு வருவோம். வலை வாங்க, வள்ளம் வாங்க, மீனவர் வியாபாரியிடம் முன்பணம் வாங்குவார். வட்டி என்று எதுவும் பேச்சில்லை. ஆனால் பிடித்த மீனை அவருக்கே கொடுக்க வேண்டும், விலையையும் அவரே சொல்வார். எடுத்துக்காட்டாக 1,000 ரூபாய் மீனுக்கு 900 ரூபாய் என்று வைத்துக்கொள்ளுங்கள். நூறு நாள் கடலுக்குப் போனால் 10,000 ரூபாய் போய்விடும். கடனோ குறையவே குறையாது. தகப்பன் செத்தால் வள்ளத்தோடு கடனும் மகனுக்கு.

இதை உடைக்க வந்தவைதான் மீனவர் சங்கங்கள். 1963-ல் தொடங்கிய கோட்டாறு சமூக சேவைச் சங்கத்தின் தூண்டுதலால் ஊர் ஊராகச் சங்கங்கள் எழுந்தன. 1980-ல் திருவனந்தபுரத்தைத் தலைமையிடமாகக் கொண்டு தென்னிந்திய மீனவர் சங்கங்களின் கூட்டமைப்பு உருவானது. முறை எளிமையானது. கரையில் ஏலத்தைச் சங்கமே நடத்தும். விற்ற காசில் ஒரு சிறு பங்கைக் கடனுக்கும் இன்னொரு பங்கைச் சேமிப்புக்கும் பிடித்துக்கொண்டு மீதியைக் கொடுக்கும். மீன் கிடைக்கும் நாளில் அதிகம் பிடிக்கும், கிடைக்காத நாளில் ஒன்றும் பிடிக்காது. கடலின் போக்கைப் புரிந்துகொண்ட தவணை முறை! கூடவே முட்டத்தில் பெல்ஜியப் பொறியாளர் பியர் ஜில்லே உள்ளூர் மீனவரோடு சேர்ந்து ஒட்டுப்பலகைப் படகுகளை உருவாக்கினார். கடன், சந்தை, தொழில்நுட்பம் மூன்றையும் சேர்த்துப் பிடித்ததுதான் இந்த முயற்சியின் பலம்.

ஆனாலும் ஒரே நாளில் எல்லாம் கவிழலாம் என்பதை 2004 டிசம்பர் 26 சுனாமி குளச்சலிலும் மணக்குடியிலும் காட்டியது. 2017 நவம்பர் 30-ல் ஒக்கி மறுபடியும் காட்டியது. கொஞ்சம் மேலே ஏறிய குடும்பம் கீழே விழாமல் தாங்க ஒரு வலை வேண்டும். காப்பீடும் சேமிப்பும்தான் அந்த வலை.

பிடித்து ஏறக் கைப்பிடிகள்

அரசு கொடுத்திருக்கும் கைப்பிடிகளை இந்த நான்கு பற்களோடு பொருத்திப் பாருங்கள். வயிற்றுக்கு, காமராஜர் 1956-ல் விரிவாகக் கொண்டுவந்த மதிய உணவு, எம்.ஜி.ஆரின் 1982 சத்துணவு, 2022-ல் தொடங்கிய காலை உணவு. கர்ப்பிணிகளுக்கு 1987 முதல் டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி பெயரிலான மகப்பேறு உதவி. கடனுக்கு, 1989-ல் தருமபுரியில் தொடங்கி மாநிலமெங்கும் பரவிய மகளிர் சுயஉதவிக் குழுக்கள். எங்கள் வீட்டு வட்டிக்காரரின் முதலை அடைத்ததும் அம்மாவின் குழுக் கடன்தான். அதற்கு வட்டி கட்டினோம், ஆனால் முதலும் குறைந்தது!

படிப்புக்கு, அரசுப் பள்ளியில் ஆறு முதல் பன்னிரண்டு வரை படித்து உயர்கல்விக்குப் போகும் பெண்களுக்கு மாதம் 1,000 ரூபாய் தரும் புதுமைப் பெண் திட்டம் 2022-லும், பையன்களுக்குத் தமிழ்ப் புதல்வன் 2024-லும் வந்தன. டிப்ளமோவுக்கும் இவை உண்டு. டிப்ளமோ முடித்தவர் பொறியியல் பட்டப்படிப்பில் நேரடியாக இரண்டாம் ஆண்டில் சேரலாம். வங்கிக் கல்விக் கடனில் 4 லட்சம் ரூபாய் வரை சொத்துப் பிணை தேவையில்லை.

நான்காவது பல்லுக்கு மட்டும் அரசாணை போட முடியாது. அங்கேதான் நம் வேலை இருக்கிறது.

நாம் என்ன செய்யலாம்?

ஒன்று, நமக்குத் தெரிந்ததைத் தெருவுக்குச் சொல்வோம். பத்தாம் வகுப்பு ரிசல்ட் வரும் வாரத்தில் நம் தெருவில் ஒரு பிள்ளைக்காவது விண்ணப்பம் நிரப்பிக் கொடுப்போம். வருமானச் சான்று, சாதிச் சான்று, முதல் பட்டதாரிச் சான்று என்று வரிசையாக எழுதிக் கொடுத்தாலே பாதி பயம் போய்விடும்.

இரண்டு, முதல் சம்பளம் வந்ததும் பைக்குக்குத் தவணை போடுமுன் வீட்டின் பெரிய வட்டிக் கடனை அடைப்போம். பிறகு மூன்று மாதச் செலவுக்காவது வங்கியில் காசு ஒதுக்குவோம். அடுத்த முறை யாராவது சறுக்கி விழுந்தால் பத்து வட்டிக்காரரின் வாசலுக்குப் போக வேண்டாம்.

மூன்றாவது கொஞ்சம் கசக்கும். வரதட்சணை. 1961-லேயே சட்டம் தடுத்துவிட்டது. ஆனாலும் நம் மாவட்டத்தில் மாப்பிள்ளை படிக்கப் படிக்கப் பவுன் கணக்கு ஏறுகிறது. ஒரு பெண்ணின் கல்யாணத்துக்காக வீட்டையும் மனையையும் எழுதிக் கொடுத்த குடும்பங்கள் உங்கள் தெருவிலும் இருக்கும். படிப்பால் வறுமையைத் தாண்டியவனே இன்னொரு குடும்பத்தை அதே குழியில் தள்ளினால், அவன் படித்ததற்கு என்ன அர்த்தம்? "எனக்கு வேண்டாம்" என்று மாப்பிள்ளை ஒரு வார்த்தை சொன்னால் போதும். பெற்றோர் மேல் பழி போட்டுத் தப்பிக்க வேண்டாம், நண்பர்களே!

நான்காவது, தங்கைகளின் படிப்பு. "பொம்பளப் புள்ளைக்கு எதுக்கு இவ்வளவு படிப்பு?" என்ற பேச்சு வரும்போது, வீட்டில் படித்த நாம் வாய்மூடி இருக்கக் கூடாது. படித்த தாயின் பிள்ளை பள்ளியை விட்டு நிற்பது அரிது. சக்கரத்தை நிறுத்த மிக உறுதியான கட்டை அதுதான்.

என் அம்மா அடிக்கடி சொல்வாள்: "அண்டி ஆபீஸில கை வெந்தது என்னோட போட்டும் மக்கா." பொருளாதாரப் புத்தகம் படிக்காத அவள், இந்தக் கட்டுரை முழுக்க நான் சொல்ல முயன்றதை ஒரே வரியில் சொல்லிவிட்டாள். "என்னோட போட்டும்" என்று ஒரு தலைமுறை உறுதியாக நிற்க வேண்டும், அது தாங்கி நிற்கச் சட்டமும் சங்கமும் பள்ளியும் தோள் கொடுக்க வேண்டும். நம் வீடுகளில் அந்தத் தலைமுறை நாமாக இருப்போம்!