துப்பாக்கியும் சாளரமும்

இங்கிலாந்தின் மேற்கே செவர்ன் ஆறு கடலோடு கலக்குமிடத்திலே அகன்ற கழிமுகம் ஒன்று உண்டு. கடல் பெருகும்போது நீர். வற்றும்போது கண்ணுக்கெட்டிய தூரம் சேறு. குளிர்காலத்திலே ரஷ்யாவின் வடகோடியிலிருந்து காட்டு வாத்துகளும் அன்னங்களும் அங்கே வந்திறங்குகின்றன. இப்பறவைகளுக்காகவே வாழ்ந்த பீட்டர் ஸ்காட் என்பவரைப் பற்றி நேயர்களுக்குச் சில சொற்கள் கூற விழைகிறேன்.

தென்துருவம் சென்று, திரும்பும் வழியிலே 1912-ல் பனியில் மாண்ட காப்டன் ஸ்காட்டின் ஒரே மகன் இவர். பையனுக்கு இயற்கையில் நாட்டம் உண்டாக்கும்படி தந்தை தம் மனைவிக்குக் கடைசிக் கடிதத்திலே எழுதியிருந்தார். நாட்டம் உண்டாயிற்று, ஆனால் துப்பாக்கியின் வழியாக! கல்லூரி நாட்களில் விடியுமுன் சேற்றிலே பதுங்கி வாத்து சுடுவதே அவருக்குப் பேரின்பம். இதில் வியப்பில்லை. பறவையின் பழக்கம் அறியாதவன் அதைச் சுடவும் முடியாது.

ஒருமுறை, அடிபட்ட வாத்து ஒன்று கால்கள் முறிந்து, எவரும் எட்ட முடியாத சேற்றிலே விழுந்தது. மறுநாளும் அது உயிரோடு கிடந்தது. அக்காட்சி தம்மை உறுத்தியதை அவரே எழுதியிருக்கிறார். அன்றே மனம் மாறினார் என்று கதை சொல்வது எளிது. உண்மையில், துப்பாக்கியை அடியோடு விடுவதற்குப் பல ஆண்டுகள் சென்றன.

1946-ல் அக்கழிமுகத்தின் கரையிலே, ஸ்லிம்பிரிட்ஜ் என்னும் ஊரில், நீர்ப்பறவைகளுக்கென ஒரு நிலையம் அமைத்தார். அப்போது ஹவாய்த் தீவுகளிலே நேனே என்னும் வாத்தினம் சுமார் முப்பதாகக் குறைந்திருந்தது. 1950-ல் அங்கிருந்து இரண்டு பறவைகளைத் தருவித்தார். இரண்டும் பெட்டை! மறு ஆண்டு ஒரு சேவல் விமானத்தில் வந்தது. அவற்றின் வழித்தோன்றல்கள் 1962-ல் ஹவாய்க்குத் திரும்பின. ஆனால் வளர்த்துத் திருப்பி அனுப்பினால் மட்டும் போதாது. மனிதன் கொண்டுவந்துவிட்ட கீரி அங்கே முட்டைகளுக்குக் காத்திருந்தது. காவலும் பெருகிய பின்னரே இனம் தழைத்தது; இன்று 3,000-க்கு மேல் உள்ளன.

1955 முதல் பி.பி.சி. தொலைக்காட்சியிலே 'லுக்' என்னும் தொடரை நடத்தினார். பேசிக்கொண்டே பறவையை வரைந்து காட்டுவார். கரும்பலகையோடு காலங்கழித்த என் போன்றோருக்கு இம்முறையின் அருமை நன்கு விளங்கும். எழுதிவைத்த படத்தைக் காட்டினால் மாணவன் அதைப் பார்ப்பான். கண்முன் கோடு கோடாக எழும்பும் படத்தையோ அவனும் கூடவே வரைவான்.

1964-ன் குளிர்காலத்திலே அவர் வீட்டுச் சாளரத்தின் முன்னிருந்த குளத்துக்கு வட அன்னங்கள் வந்தன. அவற்றின் அலகிலே மஞ்சளும் கறுப்பும் கலந்திருக்கும்; அக்கலப்பு எந்த இரண்டு பறவைக்கும் ஒன்றாக இராது என்பதைக் கண்டார். ஒவ்வோர் அலகையும் வரைந்து, ஒவ்வொன்றுக்கும் பெயரிட்டார். எது திரும்பி வந்தது, எது துணையிழந்து வந்தது, எது வரவேயில்லை என்பதெல்லாம் அதனால் தெரியலாயிற்று. 1989-ல் அவர் மறைந்த பின்னும் அப்பதிவு தொடர்கிறது.

அவ்வன்னங்கள் வரும் வழியெங்கும் அவற்றைச் சுடுவது சட்டப்படி குற்றம். ஆயினும் 1970-களிலே சிலவற்றைப் பிடித்து எக்ஸ்-ரே எடுத்தபோது, ஏறக்குறைய மூன்றில் ஒன்றின் உடலிலே ஈயக் குண்டுகள் தங்கியிருந்தன.