வஞ்சி நகரில் பத்து வாதிகள்

கோடை விடுமுறைக்கு வந்திருந்த என் பேரன் ஒரு தடித்த ஆங்கில நாவலில் மூழ்கிக் கிடந்தான். முதல் பக்கத்திலேயே இல்லாத ஒரு நாட்டின் வரைபடம். உள்ளே மந்திரம், மாயம், வானத்தில் பறக்கிறவர்கள். "தாத்தா, இந்தக் கதையில ஊருக்கு ஒரு மதம், ஒரு தத்துவம். எல்லாம் எழுதினவரோட கற்பனை. தமிழ்ல இப்படி ஏதாவது இருக்கா?" என்று கேட்டான்.

நான் தமிழ்ப் பண்டிதன் அல்ல. டிப்ளமோ முடித்து ரயில்வேயில் சேர்ந்து, தண்டவாளத்தோடும் பாலங்களோடும் காலம் தள்ளியவன். உடனே பதில் வரவில்லை. மாலையில் வழக்கம்போல் மட்டாஞ்சேரித் தெருக்களில் நடந்தேன். குஜராத்தித் தெருவில் சமணர் கோயில், கொங்கணிகளின் திருமலைத் தேவஸ்வம், பள்ளிவாசல்கள், 1568-இல் கட்டிய யூதர் ஜெப ஆலயம். எல்லாம் ஒரு நடை தூரத்துக்குள். அப்போதுதான் மணிமேகலை ஞாபகம் வந்தது.

சீத்தலைச் சாத்தனார் பாடிய அந்தக் காப்பியத்திலும் மாயத்துக்குக் குறைவில்லை. அள்ள அள்ளக் குறையாத அமுதசுரபி. வேற்றுருவம் எடுக்கவும், வானில் செல்லவும், பசியைப் போக்கவும் மூன்று மந்திரங்கள். அந்த மந்திர பலத்தால் மணிமேகலை ஒரு மாதவனின் வடிவம் கொண்டு சேரர் தலைநகரான வஞ்சியில் சமயவாதிகளைத் தேடிப் போகிறாள். வஞ்சி என்பது கரூரா, நமக்குப் பக்கத்திலுள்ள கொடுங்கல்லூரா என்று அறிஞர்கள் நெடுநாளாக வாதாடுகிறார்கள். அந்த வழக்குக்குள் நான் போகவில்லை.

இருபத்தேழாம் காதையில் அவள் பத்துப் பேரைச் சந்திக்கிறாள். அளவைவாதி, சைவவாதி, பிரமவாதி, வைணவவாதி, வேதவாதி, ஆசீவகவாதி, நிகண்டவாதி, சாங்கியவாதி, வைசேடிகவாதி, பூதவாதி. ஒவ்வொருவரிடமும் அவரவர் கொள்கையைச் சொல்லச் சொல்லிக் கேட்கிறாள். கதைதான் மாயமே தவிர, இந்தத் தத்துவங்கள் மாயமல்ல. எல்லாம் நம் நாட்டில் உண்மையிலேயே இருந்தவை.

முதலில் பேசும் அளவைவாதி, ஒன்றை அறிவதற்குப் பத்து வழிகள் உண்டு என்று அடுக்குகிறார். அவற்றில் ஒன்று கருதல், அதாவது அனுமானம். காட்டில் பிளிறல் கேட்டால் யானை இருக்கிறது என்கிறோம். மேகத்தைக் கண்டு மழை வரும் என்கிறோம். ஆற்றில் வெள்ளத்தைக் கண்டு மேலே மழை பெய்தது என்கிறோம்.

இதைப் படித்தபோது எனக்குச் சிரிப்பு வந்தது. ஒரு பருவமழைக் காலத்தில் பாலக்காட்டுப் பக்கம் ஓர் ஆற்றுப் பாலத்தில் இரவு நின்றிருந்தேன். வானம் வெறித்துக் கிடந்தது. காவலுக்கு இருந்த வயதான கேங்மேன், "சார், தண்ணி கலங்கிப்போச்சு, கட்டையும் செத்தையும் வருது. மலையிலே நல்ல மழை" என்றார். அவர் சொல்லை நம்பி வண்டிகளின் வேகத்தைக் குறைத்தோம். இரண்டு மணி நேரத்தில் நீர் பாலத் தூணிலிருந்த அபாயக் கோட்டைத் தொட்டது, வண்டிகளை நிறுத்திவிட்டோம். அவர் மணிமேகலை படித்தவரல்ல. ஆனால் அளவைவாதி சொன்னதைத்தான் செய்தார்.

கடைசியில் பேசும் பூதவாதிக்கு இந்த அனுமானமே ஆகாது. கண்டதே மெய் என்பது அவர் கட்சி. தாதகிப் பூவையும் வெல்லக் கட்டியையும் பிறவற்றையும் கூட்டினால் போதை பிறப்பதுபோல, பூதங்கள் கூடினால் உணர்வு பிறக்கும். பிரிந்தால் பறையின் ஓசைபோல் போய்விடும் என்கிறார். மணிமேகலை சிரித்துவிட்டு, அனுமானம் இல்லாமல் உன் தாய் தந்தையரை எப்படி அறிந்தாய் என்று கேட்கிறாள்.

எனக்கு மிகவும் பிடித்தது ஆசீவகவாதியின் பேச்சு. நிலம், நீர், தீ, காற்று, உயிர் என ஐவகை அணுக்கள். அவை புதிதாகத் தோன்றுவதில்லை, பிளவுபடுவதில்லை. பூதங்கள் சேரும்போது ஒன்று, முக்கால், அரை, கால் என்ற விகிதத்தில் சேரும். எது மிகுதியோ அதன் பெயரால் பொருள் அழைக்கப்படும். ஒன்றுக்கு இரண்டு, நாலு என்று கான்கிரீட் கலந்து பழகிய எனக்கு இது எவ்வளவு நெருக்கமாக இருந்திருக்கும் என்று பாருங்கள்! கூடவே, பேறும் இழப்பும், இன்பமும் துன்பமும், பிறப்பும் இறப்பும் கருவிலேயே அமைந்துவிடுகின்றன என்றும் சொல்கிறார்.

புத்தர், மகாவீரர் காலத்தில் வாழ்ந்த மற்கலியின் வழி வந்தவர்கள் இந்த ஆசீவகர்கள். பீகாரில் பராபர் குன்றில் அசோகர் அவர்களுக்குக் குகைகளைத் தானம் செய்திருக்கிறார். ஆனால் அவர்கள் எழுதிய நூல் ஒன்றுகூட இன்று கிடையாது. 1951-இல் ஏ. எல். பாஷம் என்ற ஆங்கில அறிஞர் அவர்கள் வரலாற்றை எழுதியபோது, மணிமேகலை முதலிய தமிழ் நூல்களையும் நாட வேண்டியிருந்தது. மணிமேகலை அந்தப் பேச்சை ஏற்கவில்லை. குழப்பம் என்று தள்ளிவிட்டு நகர்கிறாள். ஆனாலும் பௌத்தரான சாத்தனார் அதை விரிவாகவே எழுதிவைத்தார்.

1898-இல் மணிமேகலையை அச்சிட்ட உ.வே. சாமிநாதையரும் அப்படித்தான். அவர் சைவர். அதிலுள்ள பௌத்தக் கருத்துகளை விளங்கிக்கொள்ள அவருக்கு உதவிய ரங்காசாரியர் வைணவர்.

இதையெல்லாம் பேரனிடம் சொன்னேன். "அவங்க புத்தகமே இல்லேன்னா, எதிராளி சொன்னதை எப்படி நம்புறது தாத்தா?" என்றான். நல்ல கேள்வி. முழுக்க நம்ப முடியாது என்றுதான் சொன்னேன். தன் வாயால் சொல்ல ஆளில்லாதவன் கதையை அடுத்தவன் வாயால்தான் கேட்க வேண்டியிருக்கிறது. நம் யூதத் தெருவையே பாருங்கள். 1948-க்குப் பிறகு பெரும்பாலானோர் இஸ்ரேலுக்குப் போய்விட்டார்கள். அங்கு வரும் பயணிகளுக்கு அவர்கள் கதையைப் பெரும்பாலும் மற்றவர்கள்தான் சொல்கிறார்கள்.

என் பேரன் தமிழ் பேசுவான், படிக்கத் தெரியாது. நம் சங்கத்துக் குடும்பங்களில் பாதிப் பிள்ளைகளின் நிலை இதுதான். ஆகவே ஒரு சிறு யோசனை. மாதக் கூட்டத்தில் சிற்றுண்டிக்கு முன் அரை மணி நேரம் ஒதுக்கி இந்த ஒரு காதையை மட்டும் பிள்ளைகளோடு சேர்ந்து படிக்கலாமே? பத்து வாதிகளுக்குப் பத்துப் பிள்ளைகள். அளவைவாதியாக நான் வருகிறேன் என்றேன். "அப்போ நான் பூதவாதி" என்று சொல்லியிருக்கிறான் பேரன். இன்னும் எட்டுப் பேர் வேண்டும்.