மில் பெல்ட் அறும்வரை காத்திருக்கலாமா?

மிளகாய், மல்லி, அரிசி அரைக்கும் மில் வைத்திருக்கும் நம் வியாபாரிகள் பலரின் கணக்குப் புத்தகத்தில் இடம்பெறாத செலவு ஒன்று உண்டு. மோட்டாரையும் மில்லையும் இணைக்கும் வீ பெல்ட்தான் அது. ஓடும்வரை ஓடட்டும் என்று விட்டுவிடுகிறோம். அது அறுவதோ நோன்புக்கு முந்திய வாரத்தில், அல்லது சித்திரைப் புத்தாண்டுப் பலகாரத்துக்கு மா அரைக்க ஜனங்கள் வரிசையில் நிற்கும் நாளில். அன்று கிடைத்த பெல்ட்டை, கேட்ட விலைக்கு வாங்கி, அவசரத்தில் மாட்டுகிறோம். 2022இல் ரூபாவின் பெறுமதி சரிந்த பிறகு இந்தத் தள்ளிப்போடும் பழக்கம் இன்னும் கூடிவிட்டது என்பது என் அபிப்பிராயம்.

பெல்ட் முடியப்போவதை அறிய பாஸ் வரத் தேவையில்லை. சுவிட்சைப் போட்டதும் கிறீச்சென்ற சத்தம், ரப்பர் கருகும் வாடை, பக்கவாட்டில் கண்ணாடி போன்ற மினுமினுப்பு, உட்புறத்தில் வெடிப்பு. இவற்றில் ஒன்று தெரிந்தாலே போதும். வழுக்கும் பெல்ட் 5 வீதம் வரையான சக்தியை வீணாக்கும். அதற்கும் சேர்த்துத்தான் கரண்ட் பில் கட்டுகிறோம். சவர்க்காரம் தேய்த்துச் சத்தத்தை அடக்குவது வைத்தியமல்ல. அதில் மாத்தூள் ஒட்டிக்கொள்வதுதான் மிச்சம்.

கடைக்குப் போகுமுன் பழைய பெல்ட்டின் முதுகில் உள்ள எழுத்தைப் பாருங்கள். பீ 52 என்றிருந்தால், பீ என்பது தடிப்பின் வகை. மேல் அகலம் 17 மில்லிமீற்றர். ஏ வகை 13 மில்லிமீற்றர்தான். 52 என்பது உட்சுற்றளவு, அங்குலத்தில். எழுத்து அழிந்துவிட்டதென்று வெளிப்புறத்தில் நூல் பிடித்து அளந்து அந்த எண்ணையே கேட்டால், பீ வகையில் ஏறத்தாழ 3 அங்குலம் நீளமான பெல்ட்தான் கைக்கு வரும். இரண்டு மூன்று பெல்ட் ஓடும் மில்லில் ஒன்றை மட்டும் மாற்றுவது சிக்கனமல்ல. இறுக்கமான புதியது முழுப் பாரத்தையும் இழுத்துச் சீக்கிரம் போய்விடும். எல்லாவற்றையும் ஒரே தடவையில், ஒரே கம்பனியின் பெல்ட்டாக மாற்றுங்கள்.

மாற்றும் வேலையில் முதலாவது, மெயின் சுவிட்சை அணைத்து பியூஸைக் கழற்றிச் சட்டைப்பையில் போட்டுக்கொள்வது. பெற்றோல் இஞ்சின் என்றால் பிளக் வயரைக் கழற்றிவிட வேண்டும். நான் போய்ப் பார்த்த மில்கள் சிலவற்றில் பெல்ட்டின் காவல் மூடி சுவரோரம் சாத்திக் கிடக்கிறது. சக்தி கடத்தும் பாகங்களுக்குக் காவல் வேண்டும் என்று 1942ஆம் ஆண்டின் 45ஆம் இலக்கத் தொழிற்சாலைகள் கட்டளைச் சட்டம் சொல்கிறது. வேலை செய்யும் பையனின் விரல் போனால் நட்டஈடு கொடுக்கும் பொறுப்பும் முதலாளிக்கே. விரலோ திரும்பி வராது. கையால் புல்லியை உருட்டி பெல்ட்டை ஏற்றும்போதுகூட விரல் நசுங்கும் என்பதைப் பையன்களுக்குச் சொல்லி வையுங்கள்.

ஸ்குரூ டிரைவரால் நெம்பி ஏற்றினால் பெல்ட்டின் உள்நூல் அறும், வெளியே தெரியாது. மோட்டாரின் அடி நட்டுகளைத் தளர்த்தி, மோட்டாரை முன்னால் தள்ளினால் பெல்ட் தானாக விழும். அப்போதே புல்லியின் பள்ளத்தையும் பார்த்துவிடுங்கள். வீ பெல்ட் இழுப்பது பக்கச் சுவர்களால், அடி தொடக்கூடாது. பள்ளத்தின் அடி பளபளத்தால் புல்லி தேய்ந்துவிட்டது. அதில் எந்தப் புதிய பெல்ட்டும் நிலைக்காது.

புதியதை மாட்டியபின் இரு புல்லிகளின் முகத்திலும் நூல் பிடித்து நேர் பாருங்கள். பிறகு மோட்டாரைப் பின்னால் இழுத்து இறுக்க வேண்டும். இரு புல்லிகளுக்கும் இடையே 2 அடி என்றால், நடுவில் விரலால் அழுத்தும்போது ஏறத்தாழ 3/8 அங்குலம் தாழ்வது அளவு. வீணைத் தந்திபோல் இறுக்கினால் பெயாரிங் போகும், அது பெல்ட்டைவிடப் பெரிய செலவு.

காவல் மூடியைப் பூட்டிய பிறகே சுவிட்ச். புதிய பெல்ட் முதல் நாளிலேயே கொஞ்சம் நீளும். ஆகவே 24 மணித்தியாலம் ஓடியபின் மறுபடி நிறுத்தி இறுக்குங்கள். பெல்ட்டின் எண்ணை மூடியின் மேல் பெயின்டால் எழுதி, மேலதிகமாக ஒரு செட் வாங்கி வெயில் படாத இடத்தில் வையுங்கள்.