ஆடுகளத்திலிருந்து தேசாதிபதி மாளிகைக்கு

உடல் வலிமையை முதலாகக் கொண்ட தொழில்கள் பல உள. அவற்றுள் மிக விரைவில் முடிவெய்துவது விளையாட்டு வீரனின் தொழிலாகும். ஆசிரியரும் வழக்கறிஞரும் அநுபவம் பெற்றுத் தம் தொழிலிற் சிறக்கத் தொடங்கும் முப்பது வயதில், உதைபந்தாட்ட வீரன் களத்தைவிட்டு விடைபெற ஆயத்தமாகின்றான். முழங்கால் ஒன்று பிசகிவிட்டால் அதற்கு முன்னரே வீடு திரும்பவும் நேரும். ஆகவே, சில ஆண்டுகளில் ஈட்டிய புகழை எஞ்சிய வாழ்நாளில் எதற்காகச் செலவிடுவது என்ற வினா அவனை எதிர்நோக்கி நிற்கின்றது. அவ்வினாவுக்குத் தம் வாழ்வினாலே விடை கூறிய ஒருவர் அவுஸ்திரேலியாவின் டக்ளஸ் நிக்கல்ஸ் ஆவார்.

அவர் ஆடிய ஆட்டம் நேயர்கள் நன்கறிந்த உதைபந்தாட்டம் அன்று. 'அவுஸ்திரேலிய விதி உதைபந்தாட்டம்' என வழங்கும் அவ்வாட்டத்தின் விதிகள் 1859 ஆம் ஆண்டில் மெல்பேர்ண் நகரில் எழுதப்பட்டவை. பந்து முட்டை வடிவினது, மைதானமும் நீள்வட்டமானது. பக்கத்துக்குப் பதினெண்மர் ஆடுவர். பந்தைக் கையாற் பிடிக்கலாம், காலால் உதைக்கலாம், முட்டியாற் குத்திக் கொடுக்கலாம். எறிதல் மட்டும் ஆகாது. பந்தை ஏந்தி ஓடுவோன் குறித்த தூரத்துக்கொரு முறை அதை நிலத்தில் மோதி எழச் செய்தல் வேண்டும். உதைத்த பந்து நிலத்தில் விழுமுன் அதைப் பற்றிக்கொள்பவனுக்கு, எதிரியின் தடையின்றி உதைக்கும் உரிமை கிடைக்கின்றது. மைதானத்தின் ஒவ்வொரு முனையிலும் நான்கு கம்பங்கள் நிற்கும். நடுவிலுள்ள நெடிய கம்பங்கள் இரண்டினுக்கும் இடையே பந்தை உதைத்துச் செலுத்தினால் ஆறு புள்ளிகள்; பக்கத்துக் குறுங்கம்பத்துக்கும் நெடுங்கம்பத்துக்கும் இடையே சென்றால் ஒரு புள்ளி. தோளோடு தோள் மோதி உயரத் தாவிப் பந்தைப் பற்றும் இவ்வாட்டத்தில் நெடிய உடலினர்க்கே இடமுண்டு எனப் பலர் எண்ணுவர். நிக்கல்ஸ் ஐந்தடி இரண்டு அங்குல உயரமே உடையவர்.

அவர் 1906 ஆம் ஆண்டு டிசம்பர் 9 ஆம் திகதி, நியூ சவுத் வேல்ஸ் மாநிலத்தில் மறே ஆற்றங்கரையிலுள்ள கும்மரகுஞ்சா என்னும் ஆதிக்குடியினர் குடியிருப்பிற் பிறந்தார். அங்கு வாழ்ந்தோர் தம் விருப்பப்படி வாழ உரிமையற்றவர்கள். அரசாங்கச் சபையொன்று அவர்களது ஊணையும் உறையுளையும் பிள்ளைகளையுங்கூடத் தன் ஆட்சியில் வைத்திருந்தது. நிக்கல்ஸ் எட்டு வயதுச் சிறுவனாயிருந்தபோது, அவருடைய தமக்கையைப் பொலிஸார் வந்து தொலைவிலுள்ள பயிற்சி விடுதிக்கு வலிந்து கொண்டுசென்றனர். அக்காட்சி அவர் நெஞ்சைவிட்டு அகலவில்லை. சிறிதளவு கல்வியோடு பள்ளியைவிட்டு, பதினான்கு வயதளவில் ஆட்டுப் பண்ணைகளிற் கூலிவேலை தேடிச் சென்றார். கையிற் பொருளில்லை, ஆனால் காலில் வேகம் இருந்தது.

அவ்வேகத்தை நம்பியே அவர் மெல்பேர்ண் நகரை அடைந்தார். 1927 ஆம் ஆண்டுப் பருவத்தின் முன்பு, புகழ்பெற்ற கார்ள்டன் கழகத்திற் பயிற்சிக்குச் சேர்ந்தார். அங்கே அவரது ஆட்டத்தை எவரும் குறை கூறவில்லை; தோலின் நிறமே குறையாயிற்று. உடன் பயின்றோர் சிலர் அவர் அருகில் இருக்க விரும்பவில்லை. ஆட்டக்காரரின் உடலைப் பிடித்துவிடும் பணியாளர் அவர் உடலைத் தொட மறுத்தனர் என்று கூறப்படுகின்றது. இறுதியில் அவருக்கு அங்கு இடங் கிடைக்கவில்லை. இவ்வாறு திருப்பி அனுப்பப்பட்ட இளைஞரை, இன்னொரு சங்கத்தைச் சேர்ந்த நோர்த்கோட் கழகம் ஏற்றுக்கொண்டது. 1929 இல் அக்கழகம் தன் சங்கத்தின் வெற்றிக் கிண்ணத்தைப் பெற்றபோது, ஓரப்பகுதியிற் காற்றாய்ப் பாய்ந்த நிக்கல்ஸ் அதன் முன்னணி வீரருள் ஒருவராயிருந்தார்.

அக்காலத்தில் ஆட்டத்தினால் மட்டும் வயிறு வளர்த்தல் அரிது. விக்டோரிய உதைபந்தாட்ட லீக் தன் வீரருக்குப் பணங் கொடுப்பதை 1911 இல் அநுமதித்திருந்தது. ஆயினும் 1930 இல் அது வகுத்த விதியின்படி, ஓர் ஆட்டத்துக்கு மூன்று பவுணுக்கு மேற் கொடுத்தலாகாது. உலகெங்கும் பொருளாதார மந்தம் பரவியிருந்த காலம் அது. ஆகவே வீரர் பலரும் கிழமை நாள்களிற் கூலிவேலை செய்து, சனிக்கிழமையில் களத்தில் இறங்கினர். நிக்கல்ஸும் நகரசபையில் வேலை பார்த்தார். பணப் பரிசுள்ள ஓட்டப் பந்தயங்களில் ஓடி வென்றார். ஊர் ஊராய்ச் சென்ற குத்துச்சண்டைக் குழுவொன்றிலும் சேர்ந்து ஆடினார். இன்று அவ்வாட்டத்தின் முதனிலை வீரர்கள் அதனையே முழுநேரத் தொழிலாகக் கொண்டிருப்பதை நினைப்போர்க்கு இது வியப்பாகத் தோன்றலாம்.

1932 இல் அவர் பிட்ஸ்றோய் கழகத்திற் சேர்ந்து லீக் ஆட்டத்துள் நுழைந்தார். பழைய அநுபவம் அவரை எச்சரித்தது போலும். உடைமாற்றும் அறையில் ஒரு மூலையிலே தனித்திருந்தார். அப்போது அக்கழகத்தின் தலைசிறந்த வீரரும், லீக்கின் மிகச் சிறந்த ஆட்டக்காரருக்குரிய பிரவுண்லோ பதக்கத்தை முந்திய ஆண்டிற் பெற்றவருமான ஹேடன் பண்டன், தாமே எழுந்து சென்று அவர் அருகில் அமர்ந்து நட்புக் கொண்டார் என்று நிக்கல்ஸின் வரலாற்றைக் கூறுவோர் குறிப்பிடுகின்றனர். புகழ் மிக்க ஒருவர் ஓர் ஆசனம் தள்ளி அமர்ந்த அச்சிறு செயல், அவ்வறையிலிருந்த ஏனையோர்க்கு நீண்ட சொற்பொழிவினும் தெளிவாகப் பொருள் உரைத்தது. பிட்ஸ்றோய்க்காக நிக்கல்ஸ் 54 ஆட்டங்கள் ஆடினார். 1935 இல் விக்டோரிய மாநில அணிக்குத் தெரிவானார். அவ்வணிக்காக ஆடிய முதல் ஆதிக்குடி வீரர் அவரே.

முழங்காற் காயம் அவரது ஆட்டத்தை முடித்துவைத்தது. 1938 இல் நோர்த்கோட்டுக்கு மீண்டு, அடுத்த ஆண்டளவில் களத்தைவிட்டு நீங்கினார். அவ்வேளை அவருக்கு வயது முப்பத்திரண்டு. அவரது வாழ்வின் பெரும்பணி அதன் பின்னரே விரிந்தது. ஆதிக்குடியினரின் உரிமைக்காக முதுமையிலும் உழைத்த வில்லியம் கூப்பர் அவருடைய உறவினர். வெள்ளையர் அவுஸ்திரேலியாவில் வந்திறங்கி 150 ஆண்டு நிறைந்ததைக் கொண்டாடிய 1938 ஜனவரி 26 அன்று, ஆதிக்குடியினர் சிட்னியில் அதனைத் துக்க தினமாக அநுட்டித்தனர். அக்கூட்டத்தில் நிக்கல்ஸும் நின்றார். கூப்பரின் சொல்லைக் கேளாத செவிகள் நிக்கல்ஸின் சொல்லைக் கேட்டன. ஏனெனில் சனிக்கிழமை தோறும் அவருக்காகக் கைதட்டிய கரங்கள் மெல்பேர்ணிற் பல்லாயிரம். கைதட்டலாற் பெற்ற அறிமுகத்தை அவர் தமக்கெனப் பயன்படுத்தவில்லை. பிட்ஸ்றோயின் ஏழைத் தெருக்களில் தம்மினத்தார்க்காகத் தேவாலயம் நிறுவிப் போதகரானார். வறியோர்க்கு உணவும் இளைஞர்க்குத் தங்குமிடமும் தேடினார். தம் மனைவி கிளாடிஸ் துணைநிற்க, 1957 இல் ஆதிக்குடியினர் முன்னேற்றச் சங்கத்தை அமைப்பதிலும் முன்னின்றார். அரசியலமைப்பில் ஆதிக்குடியினரை ஒதுக்கிய வாசகங்களை நீக்க வேண்டுமென 1967 இல் நடந்த வாக்கெடுப்பில், வாக்களித்தோரில் நூற்றுக்குத் தொண்ணூறு பேர் இசைந்தனர். அவ்வெற்றிக்காக நெடுங்காலம் உழைத்தோருள் அவரும் ஒருவர்.

1972 இல் அவர் 'சேர்' பட்டம் பெற்றார். ஆதிக்குடியினருள் அப்பட்டம் பெற்ற முதல்வர் அவரே. 1976 டிசம்பரில் தெற்கு அவுஸ்திரேலிய மாநிலத்தின் தேசாதிபதியாகப் பதவியேற்றார். உடல்நலங் குன்றியமையால் 1977 ஏப்பிரலில் அப்பதவியைத் துறக்க நேர்ந்தது. பதவிக்காலம் ஐந்து மாதமே. எனினும், தமக்கை கொண்டுசெல்லப்படுவதைக் கண்டு நின்ற சிறுவன், அரசியின் பெயரால் ஒரு மாநிலத்தின் சட்டங்களுக்குக் கையொப்பமிட அமர்ந்ததற்கு அது போதுமானதாயிற்று.

ஒருவரது வெற்றியினால் ஒரு நாட்டின் மனம் முற்றாக மாறிவிடுவதில்லை. 1993 இல், எதிரணி இரசிகரின் வசைகளைக் கேட்ட நிக்கி வின்மார் என்னும் ஆதிக்குடி வீரர், தம் மேலாடையை உயர்த்தித் தோலின் நிறத்தைச் சுட்டிக்காட்டி நிற்க வேண்டியிருந்தது. இனத்தைப் பழிக்கும் சொற்களுக்கு எதிராக லீக் விதி வகுத்தது 1995 இலேதான். ஆயினும் 2016 முதல் ஆண்டுதோறும் ஒரு சுற்று ஆட்டங்கள் சேர் டக் நிக்கல்ஸ் பெயரால் நடைபெறுகின்றன. அச்சுற்றில், ஒருகாலத்தில் அவரைத் திருப்பியனுப்பிய கழகம் உட்பட எல்லாக் கழகங்களும் ஆதிக்குடியினரின் ஓவியம் தீட்டிய சீருடையை அணிகின்றன.

நிக்கல்ஸ் 1988 ஜூன் 4 ஆம் திகதி காலமானார். அரசாங்க மரியாதைகள் நிறைவேறியபின் அவரது உடல் மெல்பேர்ணில் வைக்கப்படவில்லை. பிறந்த மண்ணாகிய கும்மரகுஞ்சாவுக்கே கொண்டுசெல்லப்பட்டு, மறே ஆற்றின் அருகே, அவர் எவருக்காக ஓடினாரோ அம்மக்களின் நடுவில் அடக்கம் செய்யப்பட்டது.