தோட்டா தீராத ஹீரோ

துப்பாக்கியில் மிச்சம் மூன்றே தோட்டா. கதவுக்கு அந்தப் பக்கம் ஏதோ ஒன்று காலை இழுத்து இழுத்து நடக்கிறது. சுடுவதா, ஓடுவதா? ஜப்பானின் கேப்காம் நிறுவனம் 1996-இல் பிளேஸ்டேஷனுக்காக வெளியிட்ட ‘ரெசிடென்ட் ஈவில்’ விளையாடியவர்களுக்கு இந்தக் கணக்கு அத்துப்படி. விளையாடுபவரின் கையைக் கட்டிப்போட்டே பயம் காட்டியவர் அதன் இயக்குநர் ஷின்ஜி மிகாமி. கேமரா ஒரு மூலையில் அசையாமல் நிற்கும்; திருப்பத்தில் என்ன காத்திருக்கிறது என்பதைச் சத்தத்தை வைத்துத்தான் ஊகிக்க வேண்டும். விளையாட்டை சேவ் செய்யக்கூட டைப்ரைட்டருக்கு ரிப்பன் தேட வேண்டும், அதுவும் அளவாகத்தான் கிடைக்கும். அடுத்த அறை லோடு ஆகும்வரை இருட்டில் ஒரு கதவு மெல்லத் திறக்கும். தாமதத்தை மறைக்க வைத்த அந்தக் கதவே பாதி உயிரை வாங்கிவிடும்.

இதை எப்படிப் படமாக்குவது? 2002-இல் பால் ஆண்டர்சன் எடுத்த ஹாலிவுட் படத்தில், விளையாட்டில் இல்லவே இல்லாத ஆலிஸ்தான் நாயகி. படம் ஓடியது, விளையாடியவர்கள் முணுமுணுத்தார்கள். அவர்களுக்கு ஆறுதலாக வந்தது 2008-இன் ‘டிஜெனரேஷன்’. மகோடோ காமியா இயக்கிய முழுநீள கணினி அனிமேஷன். 1998-இல் வந்த இரண்டாம் விளையாட்டின் லியோனும் கிளேரும் இதில் மறுபடி சந்திக்கிறார்கள். அந்த விளையாட்டு நடந்த ரக்கூன் நகரம் அழிந்து ஏழு ஆண்டுகள் கழித்து நடக்கும் கதை.

முதல் பாதி விமான நிலையம்தான் படத்தின் உயிர். நோய் பரவிய விமானம் கண்ணாடிச் சுவரை உடைத்துக்கொண்டு உள்ளே பாய்கிறது. கிளேரிடம் துப்பாக்கி இல்லை. உடன் ராணி என்ற சிறுமி. கைக்குக் கிடைத்த குடையால் கிளேர் ஜாம்பியைச் சமாளிக்கிறாள். (ஆளை ஜாம்பியாக்கும் வைரஸ்களுக்கெல்லாம் மூலகாரணமான நிறுவனத்தின் சின்னமும் குடைதான். குறும்புக்கார எழுத்தாளர்!) அந்தச் சில நிமிடங்கள் விளையாட்டின் பதைபதைப்பு அப்படியே திரைக்கு வருகிறது. லியோன் வந்தான், பயம் போயிற்று. அவன் குறி தப்பாது, தலைமுடி கலையாது. இரண்டாம் பாதியில் ஆய்வுக்கூடம், ராட்சத உருவம், வெடிப்பு என்று வழக்கமான அதிரடி.

அடுத்த அனிமேஷன், 2012-இன் ‘டேம்னேஷன்’, பரவாயில்லை. கற்பனையான ஒரு கிழக்கு ஐரோப்பிய நாட்டின் உள்நாட்டுப் போரில் லியோனைத் தனியாகத் தள்ளிவிட்டதில் கொஞ்சம் கனம் கூடியது. 2017-இன் ‘வெண்டெட்டா’வில் அதே லியோன் பைக்கில் பறக்கிறான், ஜாம்பி நாய்கள் துரத்துகின்றன. பார்க்க ஜோர்தான். ஆனால் பயம் எங்கே?

அது விளையாட்டுக்கே திரும்பிப் போயிருந்தது. அதே 2017 ஜனவரியில் வந்த ஏழாம் பாகத்தில், ஈத்தன் என்ற சாதாரண ஆள் மனைவியைத் தேடி லூசியானாவின் பாழடைந்த வீட்டுக்குள் வெறுங்கையோடு நுழைகிறான். அனிமேஷன்காரர்கள் அந்தப் பக்கம் எட்டிப் பார்க்கவில்லை. 2023-இன் ‘டெத் ஐலண்ட்’டில் லியோன், கிளேர், கிறிஸ், ஜில், ரெபெக்கா என விளையாட்டுகளின் ஐந்து பழைய முகங்களையும் ஆல்கட்ராஸ் சிறைத்தீவில் கொண்டுபோய் இறக்கினார்கள். ஐவரும் சேர்ந்து நிற்கும் இடத்தில் யாருக்கு என்ன ஆகிவிடும்?