கடைசி ஸ்வரம் முதலில் கேட்கும்

ஒலி காற்றில் வினாடிக்கு ஏறக்குறைய 340 மீட்டர் செல்கிறது. அதன் இரு மடங்கு வேகத்தில் ஒரு விமானம் உங்களை நோக்கி வருவதாகவும், அதில் ஒருவர் ஸ்வரம் வாசிப்பதாகவும் கொள்வோம். 6,800 மீட்டர் தூரத்தில் 'ஸ' எழுகிறது. உங்களை அடைய அதற்கு 20 வினாடி வேண்டும். ஐந்து வினாடி கழித்து, பாதித் தூரத்தில், 'ரி'. அதற்குப் பத்தே வினாடி போதும். ஆகவே 'ரி' 15ஆவது வினாடியில் கேட்கிறது, 'ஸ' 20ஆவதில்! இடைவெளி அதே ஐந்து வினாடி. எனவே சுருதியும் தாளமும் கெடுவதில்லை, வரிசை மட்டும் தலைகீழ். மணியடித்தால் ரீங்காரம் முதலில் எழுந்து வளர்ந்து, கடைசியில்தான் அடி விழும்! ராலே பிரபு இதை 1878இலேயே எழுதிவிட்டார். அப்போது விமானமே கிடையாது.

விந்தை இன்னும் இருக்கிறது. பத்தாவது வினாடியில் விமானம் உங்களைக் கடந்துவிடும். அதன்பின் வாசிப்பது நேர் வரிசையில், மூன்று மடங்கு இழுபட்டுக் கேட்கும். வரும்போது வாசித்ததும் போகும்போது வாசித்ததும் ஒன்றாகக் காதில் விழும். காலத்தை வேட்டிபோல் இரண்டாக மடித்தாற்போல! விமானம் உயரத்தில் பறந்தால், அந்த மடிப்பில் ஒலிகள் குவிந்து வெடியோசையாகின்றன. 2003 வரை பறந்த கான்கார்டு விமானம் ஒலியைப்போல் ஏறத்தாழ இரு மடங்கு வேகத்தில் சென்றது. தரையில் இருந்தவர்கள் கேட்டது இந்த வெடியோசையைத்தான். அதனாலேயே பல நாடுகள் தம் நிலப்பரப்பின்மேல் அதை ஒலியை மிஞ்சிப் பறக்க விடவில்லை.